முனையூரானின் தாயார்

நவம்பர் 3, திங்கள்

அம்மாவை இன்று தகனம் செய்தார்கள். இங்கே நோர்வேயில், பேர்கனில் காலை ஆறு மணி, பருத்தித்துறையில் பத்தரை. எங்கள் பக்கத்தில் பெண்கள் சுடலைக்குப் போவதில்லை. நான் மட்டும் கைத்தொலைபேசியைச் சீனிப் போத்தலில் சாய்த்து வைத்து, குசினி மேசையில் இருந்தபடி சுடலை வரை போனேன். அண்ணா மீசையை வழித்திருந்தார். அப்பாவின் செத்தவீட்டுக்குப் பிறகு இப்போதுதான் அவரை அப்படிப் பார்க்கிறேன். கொள்ளிக்குடத்தோடு மூன்று தரம் சுற்றி வந்தார். படம் ஆடிக்கொண்டே இருந்தது. நெருப்பு வைக்கும் நேரம் தொடர்பு அறுந்துவிட்டது.

ஏழரைக்குப் பள்ளிக்கூடம் போய் எட்டு வகுப்பறைகளைக் கூட்டித் துடைத்தேன். லீவு கேட்டிருக்கலாம். லீவு தந்தால் வீட்டிலிருந்து அழவேண்டி வரும்.

ஊருக்கு ஏன் போகவில்லை என்று ஆறு பேர் கேட்டுவிட்டார்கள். கடவுச்சீட்டு முடிந்துவிட்டது என்றேன். கடவுச்சீட்டுக்கு இன்னும் நாலு வருடம் இருக்கிறது. புத்தகம் வந்து இரண்டே மாதம், அதுதான் காரணம்.

நவம்பர் 4, செவ்வாய்

மரண அறிவித்தலை மத்தியானச் சாப்பாட்டு இடைவேளையில் பார்த்தேன். "காலஞ்சென்ற கந்தவனம் அவர்களின் அன்பு மனைவியும், தவயோகன் (பருத்தித்துறை), கலாமதி (நோர்வே) ஆகியோரின் பாசமிகு தாயாரும், எழுத்தாளர் முனையூரானைப் பெற்றெடுத்த அன்னையும் ஆவார்."

கடைசி வரியை ஏழெட்டுத் தரம் வாசித்தேன். எங்கள் ஆட்களுக்கு மரண அறிவித்தலில் எல்லாவற்றையும் போடவேண்டும். யார் எந்த நாட்டில், யார் டொக்டர், யார் இளைப்பாறிய அதிபர், ஒன்றும் விடுபடக் கூடாது. விட்டால் அடுத்த கலியாணவீட்டுக்கு வரமாட்டார்கள். ரொறன்ரோவிலிருக்கும் தில்லை மாமாதான் எங்கள் குடும்பத்தில் இதையெல்லாம் எழுதிக் கொடுப்பவர். வயது போன மனுசன், பெருமைப்படச் சேர்த்துவிட்டார்.

இருபத்திரண்டு வருடங்களாக நான் முனையூரான். பரிஸில் வரும் சஞ்சிகையில் மாதம் ஒரு கட்டுரை, நாலு நாவல்கள். எழுதுகிறவன் ஆம்பிளை, பருத்தித்துறை முனைப் பக்கத்து ஆள், இப்போது ஏதோ ஒரு நாட்டில் ஒளிந்திருக்கிறான் என்பதுதான் உலகத்துக்குத் தெரிந்தது. உண்மை தெரிந்தவர்கள் நாலு பேர்: நான், என் கணவர் சபேசன், சஞ்சிகை ஆசிரியர் ஜெரோம், தில்லை மாமா. அம்மாவுக்குச் சொல்லவில்லை. அண்ணாவுக்கும் சொல்லவில்லை.

மாமாவைக் கூப்பிட்டு அந்த வரியை எடுக்கச் சொன்னேன். பின்னேரம் எடுத்துவிட்டார். அதற்குள் வேறு மூன்று தளங்களில் ஏறிவிட்டது.

நவம்பர் 5, புதன்

வரதன் துக்கம் விசாரிக்கத் தொலைபேசி எடுத்தார். அவர் இங்குள்ள தமிழ்ச் சங்கத்தின் தலைவர். புத்தகம் வந்த கிழமை, சங்க மண்டபத்தில் நூறு பேருக்கு முன்னால், "முனையூரான் எவனெண்டு தெரியவேணும். ஒரு கை இல்லாமல் எப்பிடி எழுதுறான் எண்டு பாப்பம்" என்று சொன்னவர். எல்லோரும் கை தட்டினார்கள். மூன்றாம் வரிசையில் இருந்து நானும் தட்டினேன். தட்டாமல் இருந்தால் திரும்பிப் பார்ப்பார்கள்.

புத்தகத்தின் பெயர் 'பதின்மூன்றாவது படகு'. சண்டைக் காலத்தில், ஒரு தை மாதத்தில் எங்கள் கரையிலிருந்து போய்த் திரும்பாத பிள்ளைகளின் கதை. அவர்களை அனுப்பியவர்கள் பலர் இன்று இங்கே இருக்கிறார்கள், கடலில் மறித்தவர்கள் அங்கே இருக்கிறார்கள். இரண்டு பக்கத்துக்கும் அந்தக் கதை பிடிக்கவில்லை. பரிஸில் ஜெரோமின் கந்தோர்க் கண்ணாடி இரண்டு தரம் உடைந்துவிட்டது.

"தங்கச்சி, அறிவித்தலில ஒரு விசயம் பாத்தனான்," என்றார் வரதன். "அம்மாவுக்கு ஒரே ஒரு ஆம்பிளைப் பிள்ளை தானே?"

"ஓம்."

"அப்ப உங்கட அண்ணரோ அது?"

மேசையில் சீனி சிந்திக் கிடந்தது. அதைத் துடைத்தேன்.

"எனக்கு ஒண்டும் தெரியாது, வரதண்ணை," என்றேன்.

"ஊருக்குள்ளயே இருந்திருக்கிறான்," என்று அவர் யாரிடமோ சொன்னது கேட்டது. பக்கத்தில் ஆட்கள் இருந்திருக்கிறார்கள்.

நவம்பர் 7, வெள்ளி

உடுப்புத் தோய்த்தேன். கொத்தமல்லி முடிந்துவிட்டது. ஒரு சத்தமும் இல்லை. ஒன்றும் நடக்காது போலிருக்கிறது.

நவம்பர் 8, சனி

மச்சாள் எடுத்தாள். அண்ணாவின் மனைவி மனோகரி பதறிப் பேசுகிறவள் அல்ல. இன்று மூச்சு வாங்கியது.

அம்மா இறந்து இன்று எட்டாம் நாள், எட்டுச் செலவுப் படையல். முற்றத்தில் சமையல் நடந்துகொண்டிருந்ததாம். அம்மாவுக்குப் பிடித்த கணவாய்க்கறி அடுப்பில். பதினொரு மணிக்கு ஒரு வான் வந்தது. இரண்டு பேர், சீருடை இல்லை, நல்ல மரியாதை. ஐஸ் ஃபக்டரியில் மெக்கானிக்காக இருக்கும் தவயோகன் ஆரெண்டு கேட்டிருக்கிறார்கள்.

"படைச்சுப்போட்டு வாறன் எண்டு கெஞ்சினவர், மச்சாள். அரை மணித்தியாலம் தாங்கோ எண்டு கேட்டவர். இப்ப விட்டிடுவம், வாங்கோ எண்டு தோளில கை போட்டுக் கூட்டிக்கொண்டு போட்டாங்கள். சேட்டும் போடேல்லை. ஆரோ முனையூரானாம். ஆர் மச்சாள் அது?"

தெரியாது என்றேன். ஒரே கிழமையில் இரண்டாவது தரம்.

யார் வந்தவர்கள் என்பதை இந்தக் கொப்பியிலும் எழுதமாட்டேன். யாருடைய பெயரையும் எழுதும் பழக்கம் எனக்கில்லை. படகுக் கதையை எனக்குச் சொன்ன தாய்மாரின் பெயர்களும் இதில் ஒரு பக்கத்திலும் இல்லை.

நவம்பர் 9, ஞாயிறு

அண்ணா வீடு திரும்பவில்லை. கொழும்புக்குக் கொண்டு போய்விட்டார்களாம். ஆளைப் பார்க்க விடவில்லை.

நானும் சபேசனும் காலையிலிருந்து குசினியில் இருக்கிறோம். அவர் கெட்ட மனிதர் அல்ல. நான் எழுத வேண்டுமென்று இருபத்திரண்டு வருடங்களாகச் சனிக்கிழமைச் சமையலைத் தன் தலையில் போட்டுக்கொண்டவர்.

"நான்தான் எண்டு சொல்லிப்போடட்டே?" என்று கேட்டேன்.

"சொல்லலாம். சொன்னா வரதன்ர ஆக்கள் நாளைக்கு வாசலில நிப்பினம். உமக்கு மட்டுமெண்டா நான் பேசாமல் இருப்பன். ஒஸ்லோவில பிள்ளை தனிய இருக்கிறாள். அவளின்ர அறை விலாசம் சங்கத்தில எல்லாருக்கும் தெரியும்."

"அண்ணா?"

"அவர் எழுதேல்லை தானே. எழுதாத மனுசனை எத்தினை நாளைக்கு வைச்சிருப்பாங்கள்? ரெண்டு நாள் பாப்பம்."

ரெண்டு நாள் பார்ப்பது என்று முடிவெடுத்தோம். எனக்கு ஆறுதலாக இருந்தது. அந்த ஆறுதலை எழுதாமல் விட்டால் இந்தக் கொப்பி எதற்கு?

நவம்பர் 10, திங்கள்

பள்ளிக்கூடத்தில் இரண்டாம் மாடி கூட்டிக்கொண்டிருந்தபோது பின்னால் சப்பாத்துச் சத்தம். திரும்பிப் பார்க்கப் பயந்து வகுப்பறைக்குள் போய்க் கதவைச் சாத்தினேன். மின்விளக்கு மாற்ற வந்த ஆள். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். இங்கே நவம்பரில் பின்னேரம் நாலு மணிக்கே இருண்டுவிடுகிறது.

ஒஸ்லோவிலிருக்கும் மகளுக்கு எடுத்து, கதவைப் பூட்டித்தானே வைத்திருக்கிறாய் என்று கேட்டேன். என்னம்மா விசயம் என்றாள். குளிர் உள்ளே வரும் என்றேன்.

நவம்பர் 12, புதன்

இரண்டு நாள் முடிந்து மூன்றாம் நாள்.

மச்சாள் கொழும்பில் ஒரு சட்டத்தரணியைப் பிடித்திருக்கிறாள். நிர்மலா என்று பெயர். அவரே எனக்கு எடுத்தார். குரலில் அவசரம் இல்லை. அதுதான் என்னை இன்னும் பயப்படுத்தியது.

"அண்ணாவை நேற்று ஐஞ்சு நிமிசம் பாத்தனான். காலில நோ இருக்கு, நடக்கிறார். படகுப் புத்தகத்தில வாற சம்பவங்களை ஆர் சொன்னது எண்டுதான் கேள்வி. தான் வாசிக்கவேயில்லை எண்டு சொல்லுறார். அவையள் நம்பேல்லை."

"அவர் ஒரு பேப்பர்கூட ஒழுங்கா வாசிக்கமாட்டார்."

"அதை நீங்கள் சொல்லி ஆர் கேக்கப் போயினம்? எழுதினவர் ஆரெண்டு தெரிஞ்சா இதை முடிக்கலாம். அவர் வெளிநாட்டில இருந்தா அவருக்கு ஒண்டும் செய்யவும் ஏலாது. உங்களுக்கு அவரைத் தெரிஞ்ச ஆக்கள் ஆரும் இருக்கினமே?"

"விசாரிச்சுப் பாக்கிறன்," என்றேன்.

என் வாயால் அப்படிச் சொன்னேன். விசாரிக்கிறாளாம். பிறகு சோற்றை அடுப்பில் வைத்துவிட்டு அது கருகும் வரை அதற்கு முன்னாலேயே நின்றேன்.

நவம்பர் 13, வியாழன்

மழை. இன்றும் யாருக்கும் ஒன்றும் சொல்லவில்லை.

நவம்பர் 14, வெள்ளி

நாலாம் திகதிப் பக்கத்தை இன்று எடுத்து வாசித்தேன். தில்லை மாமா பெருமைப்படச் சேர்த்துவிட்டார் என்று எழுதியிருக்கிறேன். பொய். எனக்கு நானே எழுதிய கொப்பியில் எனக்கே பொய் சொல்லியிருக்கிறேன்.

நடந்தது இதுதான். அம்மா இறந்த அன்று மாமா எடுத்து அறிவித்தலை வாசித்துக் காட்டினார். சரி மாமா என்றேன். தொலைபேசியை வைக்கப் போனவரை நான்தான் நிறுத்தினேன்.

"மாமா, முனையூரானின்ர தாய் எண்டும் ஒரு வரி போடுவமே?"

"போடலாம் பிள்ளை. உன்ர பேருக்குப் பக்கத்தில அடைப்புக்குள்ள போடட்டே?"

"வேண்டாம். என்ர பேரோட வேண்டாம். தனியாப் போடுங்கோ."

"ஆம்பிளைப் பேரெல்லோ. தவயோகன் எண்டு நினைப்பினம்."

"ஆர் மாமா அவ்வளவு பாக்கப் போகினம்," என்றேன்.

மாமா எச்சரித்தார். நான் கேட்கவில்லை.

ஏன் என்று எனக்குத் தெரியும். மூன்று வருடத்துக்கு முன்னர் அம்மா தொலைபேசியில் கேட்டா: "முனையூரான் எண்டு ஒருத்தன் எழுதுறானாமே, எங்கட பக்கத்துப் பெடியனாம். லைபிறரியில எடுத்து வாசிச்சனான். கெட்டிக்காரன். பெத்தவள் குடுத்து வைச்சவள்." நான் ஓமம்மா என்றேன். பிறகு மழை பெய்ததா, புட்டுக்கு என்ன கறி என்று கதைத்தோம். அம்மா செத்த பிறகாவது அந்தக் குடுத்து வைத்தவள் அவதான் என்று ஒரு இடத்தில் எழுதிவிட ஆசைப்பட்டேன். ஆசைப்பட்டவள் தன் பெயரையும் போட்டிருக்க வேண்டும். பாம்புக்குத் தலையும் மீனுக்கு வாலும் காட்டுகிற விலாங்கு மாதிரி, பெருமை எனக்கும் ஆபத்து வேறு யாருக்கோவுமாக ஒரு வரியை எழுதுவித்தேன். அது அண்ணாவின் தலையில் போய் விழுந்தது.

அவர் அங்கே இருந்து இன்றோடு ஏழு நாள்.

நவம்பர் 16, ஞாயிறு

நேற்று எழுதினேன். ஒரே பக்கம்: "முனையூரான் என்ற பெயரில் இருபத்திரண்டு வருடங்களாக எழுதி வருபவள் கலாமதி சபேசன் ஆகிய நான். என் சகோதரர் தவயோகனுக்கும் என் எழுத்துக்கும் எந்தத் தொடர்பும் இல்லை." இன்று காலை ஜெரோம் என் படத்தோடு சஞ்சிகையின் தளத்தில் போட்டார். போடுவதற்கு முன் இரண்டு தரம் கேட்டார், "அக்கா, யோசிச்சுத்தானே?" என்று. மூன்றாம் தரம் கேட்டிருந்தால் வேண்டாம் என்றிருப்பேன்.

மகளுக்கு எல்லாவற்றையும் சொல்லி, சிநேகிதி வீட்டுக்குப் போகச் சொன்னோம். சபேசன் முன்கதவுக்கு இன்னொரு கொண்டி பூட்டினார். சத்தம் கேட்கும்போதெல்லாம் போய்க் கொண்டியைத் தொட்டுப் பார்க்கிறேன். ஆனாலும் அண்ணாவை நாளைக்கு விட்டுவிடுவார்கள்.

நவம்பர் 17, திங்கள்

வேலைக்குப் போகவில்லை. மூன்று மணிக்கு மணி அடித்தது. கதவுக் கண்ணாடியால் பார்த்தேன். வரதன்.

சபேசன் என்னை உள்ளே தள்ளிவிட்டுத் திறந்தார். வரதனுக்குப் பின்னால் அவருடைய மனைவி, கையில் பெரிய சட்டி. துக்க வீட்டுக்குச் சோறு கொண்டுவந்திருக்கிறார்கள். வரதன் நேரே வந்து என் தலையில் கை வைத்தார்.

"வாசிச்சனான், தங்கச்சி. கண்ணில தண்ணி வந்திட்டுது. அண்ணரைக் காப்பாத்த இப்பிடி ஒரு பழியைத் தன்ர தலையில போட எத்தினை பேருக்கு மனம் வரும்?"

"பழி இல்லை வரதண்ணை. நான்தான் எழுதினது."

"சரி, சரி." குழந்தையைத் தேற்றுவதுபோலச் சிரித்தார். "கடல் கதையெல்லோ. எஞ்சின், வெடி, வாய்க்கு வந்த தூசணம். அது பொம்பிளையின்ர எழுத்தே? உங்களுக்கு அவரில உள்ள பாசம் விளங்குது. அவர் எழுதினது பிழைதான், அது வேற கதை. ஆனா நீங்கள் தெய்வம்."

மனைவி சட்டியைத் திறந்து எனக்குச் சோறு போட்டா. இரண்டு மாதமாக நான் பயந்துகொண்டிருந்த மனிதர் என் மேசையில் இருந்து, என் பதினொரு வயதில் அப்பாவோடு நான் பிரித்துப் பூட்டிய எஞ்சினைப் பற்றி, பெண்களுக்கு என்ன தெரியும் என்று சொல்லிக்கொண்டிருந்தார். பிளேட்டைத் தூக்கி எறிய வேண்டும்போல இருந்தது. நான் சோற்றைச் சாப்பிட்டேன். தப்பிவிட்டோம் என்று உடம்பு சொன்னது. அந்த உடம்பை என்ன செய்வது?

நவம்பர் 18, செவ்வாய்

நிர்மலா எடுத்தார். என் அறிக்கையையும் ஜெரோம் எழுதிய கடிதத்தையும் மொழிபெயர்த்து அவர்களிடம் கொடுத்திருக்கிறார்.

"சிரிச்சினம்," என்றார். "எந்தத் தங்கச்சியும் இதைத்தான் சொல்லுவாள் எண்டினம். ஆசிரியரின்ர கடிதமும் எடுபடேல்லை. அவரும் உங்கட ஆள்தானே. எழுதினதுக்கு ஆதாரம் வேணும். கையெழுத்துப் பிரதி இருக்கே?"

இல்லை. ஒவ்வொரு நாவலும் முடிந்தவுடன் எழுதிய தாள்களைக் குளியலறையில் தண்ணீரில் ஊறவைத்துக் கூழாக்கி எறிந்துவிடுவேன். என் கெட்டித்தனம்.

"வேற ஒண்டும் இல்லையே? திகதியோட எழுதின ஏதாவது?"

கொப்பி இருக்கிறது என்றேன். இந்தக் கொப்பி. இரண்டு வருடங்களாக, கடைச் சாமான் பட்டியலுக்கும் பல்வைத்தியர் நேரத்துக்கும் நடுவில், படகு நாவலின் ஒவ்வொரு அத்தியாயத்தையும் இதில்தான் முதலில் யோசித்திருக்கிறேன்.

அவர் குரலில் முதல் தரம் அவசரம் வந்தது. "அனுப்புங்கோ. ஆனா முழுசா அனுப்பவேணும். கடைசியா எழுதின பக்கம் வரைக்கும். ஒரு தாள் கிழிஞ்சிருந்தாலும் பிறகு செய்தது எண்டு ஏற்கமாட்டினம். எழுத்தை ஆரும் அடையாளம் காட்டவும் வேணும். உங்கட கையெழுத்துத் தெரிஞ்ச ஆள் அண்ணாதான். அவருக்கு முன்னால வைச்சு ஒவ்வொரு பக்கமா வாசிப்பிச்சு, இது தங்கச்சியின்ர எழுத்துத்தான் எண்டு கையொப்பம் வாங்குவம்."

"அண்ணாவோ வாசிக்கிறது?"

"ஓம். இன்னொண்டு. நீங்கள் அறிக்கை விட்டதைச் சொன்னன். அவருக்கு விருப்பமில்லை. தங்கச்சியைச் சும்மா இருக்கச் சொல்லுங்கோ, அங்க இருக்கிறவங்களும் பொல்லாதவங்கள் எண்டார். முதலே தெரியுமோ எண்டு கேட்டன். முதலாவது புத்தகத்திலயே தெரியுமாம். கிணத்துக்க விழுந்த பிள்ளையைத் தமையன் இறங்கித் தூக்கிற இடம். 'வாளிக்கயிறு அறுந்தது எங்கள் ரெண்டு பேருக்கும்தான் தெரியும்' எண்டார்."

அதற்குப் பிறகு நிர்மலா விலாசம் சொன்னார். எழுதினேனா என்று கேட்டார். திரும்பவும் சொன்னார்.

நவம்பர் 19, புதன்

வாசிக்கவில்லை என்று சொல்லிக்கொண்டிருந்த மனுசன் நாலையும் வாசித்திருக்கிறார். கால் நோவோடு பன்னிரண்டு நாள் இருந்து, என் பெயரைச் சொல்லாமல் இருந்திருக்கிறார். நானும் அதே பெயரைச் சொல்லாமல்தான் இருந்தேன், சூடான வீட்டில்.

காலையில் கத்தரிக்கோலை எடுத்து மேசையில் வைத்தேன். நிர்மலா சொன்னது காதில் இருந்தது, ஆனாலும் எடுத்து வைத்தேன். ஐந்தாம் திகதிப் பக்கம், எட்டாம் திகதிப் பக்கம், ஒன்பது, பன்னிரண்டு, பதினாலு. அதிலும் பதினாலு. தையலுக்குக் கிட்டப் பிடித்து வெட்டினால் தெரியாது. சபேசன் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு போய்க் குசினி லாச்சிக்குள் போட்டுவிட்டு வந்து, "ஆறு மணிக்குத் தபால் கந்தோர் பூட்டிப்போடுவாங்கள்," என்றார்.

கொப்பியின் செய்தி இங்கேயும் வந்துவிடும், வரதன் இனி நம்புவார். ஊருக்கு நான் இனிப் போகமுடியாது. அந்தப் பயங்கள் இருந்த இடத்தில்தான் இருக்கின்றன. ஆனால் இன்று நான் பயப்படுவது அவர்களை நினைத்து அல்ல. கொழும்பில் ஒரு மேசையில், மீசை அரைகுறையாக முளைத்த ஒரு மனிதர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இந்தக் கொப்பியைத் திறக்கப் போகிறார். அவர் மெதுவாகத்தான் வாசிப்பார். சிறுவயதிலிருந்தே விரலை வரியில் வைத்து வாசிக்கிற பழக்கம்.

அண்ணா, முதல் பக்கங்களில் வெங்காயமும் பல்வைத்தியரும் வரும். அவசரப்படாமல் வாசியுங்கோ. பிறகு அம்மாவின் செத்தவீடு வரும். அதற்குப் பிறகு, நீங்கள்தானோ என்று ஒருவர் கேட்க நான் மேசையைத் துடைத்துக்கொண்டு நின்ற இடம் வரும். உங்களைக் கொண்டு போன பிறகு ரெண்டு நாள் பார்ப்போம் என்று முடிவெடுத்த இடம் வரும். அறிவித்தலில் அந்த வரியைப் போடச் சொன்னது ஆரென்பதும் வரும். அந்த இடத்தில் அவர்கள் கொப்பியில் விரலை வைத்து, இதுவும் உன் தங்கையின் கையெழுத்தா என்று கேட்பார்கள்.

என்னைக் காப்பாற்ற நினையாதையுங்கோ. ஓமெண்டு சொல்லுங்கோ, அண்ணா. அது என்ர கையெழுத்துத்தான்.